கையெழுத்து யாருடையது: ஓர் ஊராட்சித் தலைவரின் ஐந்து ஆண்டுகள்

இதை ஏன் எழுதுகிறேன்

காவிரிப் பாசனப் பகுதியில் உள்ள ஒரு கிராம ஊராட்சிக்கு 2020 ஜனவரி 6 முதல் 2025 ஜனவரி 5 வரை தலைவராக இருந்த ஒரு பெண்ணைப் பற்றிய பதிவு இது. அவர் பெயரையோ ஊர் பெயரையோ எழுதவில்லை. அவர் இன்னும் அதே ஊரில், அதே தெருவில்தான் குடியிருக்கிறார், எதிர்த்து நின்றவர்களும் அங்கேயேதான் இருக்கிறார்கள். எழுதலாமா என்று அவரிடம் கேட்டேன். "நான் செஞ்ச தப்பையும் சேர்த்து எழுதுங்க தம்பி, அப்பத்தான் அடுத்து வர்றவளுக்கு உதவும்" என்றார். அதனால் சேர்த்தே எழுதுகிறேன், என்னுடைய தவறையும்.

உள்ளாட்சிக்குத் தேர்வான பெண்களுக்குப் பயிற்சி கொடுக்கும் வேலையில் பல ஆண்டுகள் இருந்தவன் நான். 2020 பிப்ரவரியில் நடந்த ஒரு பயிற்சிக் கூடத்தில் அவர் கடைசி வரிசையில் உட்கார்ந்து, சொல்வதையெல்லாம் நாற்பது பக்க நோட்டில் எழுதிக்கொண்டிருந்தார். அங்கேதான் அறிமுகம். அந்த நோட்டு இந்தப் பதிவில் திரும்பத் திரும்ப வரும்.

பின்னணி

73வது அரசியலமைப்புத் திருத்தம் 1993 ஏப்ரல் 24 அன்று நடைமுறைக்கு வந்தது, உள்ளாட்சியில் மூன்றில் ஒரு பங்குக்குக் குறையாமல் பெண்களுக்கு ஒதுக்க வேண்டும் என்றது. தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம் 1994இல் வந்தது, 1996இல் முதல் தேர்தல். 2016இல் அந்த ஒதுக்கீட்டைப் பாதியாக உயர்த்திச் சட்டம் திருத்தினார்கள், ஆனால் அந்த ஆண்டு நடக்க வேண்டிய தேர்தல் நீதிமன்றத்தில் நின்றுபோய், மூன்று ஆண்டுகளுக்கு மேல் அரசு நியமித்த தனி அலுவலர்கள் கையில்தான் ஊராட்சிகள் இருந்தன. கடைசியில் 2019 டிசம்பர் 27, 30 தேதிகளில் 27 மாவட்டங்களுக்கு மட்டும் தேர்தல் நடந்தது. இந்த ஊராட்சி அதில் பட்டியல் சாதிப் பெண்களுக்கு ஒதுக்கப்பட்டிருந்தது.

நம்மவருக்கு அப்போது வயது 41. எட்டாம் வகுப்பு வரை படித்தவர். கணவன், மனைவி இரண்டு பேருமே விவசாயக் கூலிகள். மகளிர் சுயஉதவிக் குழுவில் ஊக்குநராக இருந்திருக்கிறார், நூறு நாள் வேலையில் பல தடவை பணித்தளப் பொறுப்பாளராக இருந்திருக்கிறார். இந்த இரண்டாவது அனுபவத்தை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை, நானும்தான். வருகைப் பதிவேட்டில் வராத ஆளுக்கு வருகை போட்டால் கடைசியில் மாட்டுவது பதிவேட்டில் கையெழுத்து போட்டவர்தான் என்பதை அவர் அங்கேதான் கற்றிருந்தார்.

அவரைத் தேர்தலில் நிறுத்தியது ஊர்த்தெருவில், அதாவது ஆதிக்க சாதியினர் குடியிருக்கும் பக்கத்தில், உள்ள ஒரு நிலக்காரர். முன்பு தலைவராக இருந்தவர், இப்போது ஒதுக்கீட்டால் நிற்க முடியாதவர். தலைவர் பதவிக்குக் காப்புத்தொகை 600 ரூபாய், பட்டியல் சாதியினருக்கு 300. அந்த 300 ரூபாயைக் கட்டியது, வேட்புமனுவில் எங்கே கையெழுத்து போட வேண்டும் என்று விரல் வைத்துக் காட்டியது எல்லாம் அவருடைய ஆட்கள். நம்மவர் ஏன் ஒப்புக்கொண்டார் என்று கேட்டேன். "அவங்க நெலத்துலதான் வேலை. வேணாம்னு எப்படிச் சொல்றது? அதுவும் போக, நமக்கும் உள்ளுக்குள்ள ஆசை இருந்துச்சு" என்றார். இந்த இரண்டாவது வாக்கியத்தை யாரும் தவறவிடக் கூடாது. பினாமி என்று வெளியே இருந்து முத்திரை குத்தும்போது, அந்தப் பெண்ணுக்கும் ஓர் ஆசை இருக்கும் என்பது நம் கண்ணில் படுவதில்லை.

டிசம்பர் 30 அன்று வாக்குப்பதிவு, இளஞ்சிவப்பு நிறச் சீட்டு. மூன்று பேர் போட்டி, மூன்று பேருமே ஒரே தெரு. நூற்றுக்கும் குறைவான வாக்கு வித்தியாசத்தில் வென்றார். ஜனவரி 11 அன்று நடந்த மறைமுகத் தேர்தலில் நிலக்காரரின் தம்பி துணைத் தலைவரானார். மொத்தம் ஒன்பது வார்டு உறுப்பினர்கள், அதில் ஐந்து பேர் பெண்கள்.

முதல் பத்து மாதம்: என்ன பார்த்தோம்

கிராம ஊராட்சியின் பணத்தை எடுக்கத் தலைவரும் துணைத் தலைவரும் சேர்ந்து காசோலையில் கையெழுத்து போட வேண்டும். ஊரில் இதைச் "செக் பவர்" என்பார்கள். தலைவரை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுக்கிறார்கள், துணைத் தலைவரை உறுப்பினர்கள் தேர்ந்தெடுக்கிறார்கள், ஆனால் பணம் நகர இரண்டு பேருடைய பேனாவும் நகர வேண்டும். ஒருவர் தப்பு செய்தால் இன்னொருவர் தடுக்கட்டும் என்றுதான் இந்த ஏற்பாடு. ஒரு பெண் தலைவரை, அதுவும் பட்டியல் சாதிப் பெண் தலைவரை, ஒன்றும் செய்யவிடாமல் நிறுத்துவதற்கும் இதே ஏற்பாடு போதும் என்பதை அந்த ஊரில் பார்த்தேன்.

முதல் பத்து மாதம் எந்தச் சண்டையும் இல்லை, ஏனென்றால் அவரிடம் எதுவுமே இல்லை. காசோலைப் புத்தகமும் தீர்மானப் புத்தகமும் நிலக்காரர் வீட்டு அலமாரியில் இருந்தன. ஊராட்சிச் செயலர் சைக்கிளில் வந்து, வயலில் நிற்கும் தலைவரைக் கூப்பிட்டு, தொகை எழுதாத காசோலையில் கையெழுத்து வாங்கிக்கொண்டு போவார். அலுவலகத்தில் தலைவர் நாற்காலியில் நிலக்காரர் உட்காருவார், இவர் சுவரோரம் போட்ட பெஞ்சில் உட்காருவார். ஜனவரி 26 கொடியேற்றும்போது இவர் கையில் மிட்டாய்த் தட்டு இருந்தது.

கணவர் பற்றி ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். பெண் தலைவர்கள் என்றாலே வீட்டுக்காரர்தான் தலைவர் என்று ஆகிவிடும் வழக்கம் நாடு முழுக்க இருக்கிறது. இங்கே அப்படி நடக்கவில்லை. அந்த மனிதர் முதல் நாளே "என்னைய யாரும் தலைவர்னு கூப்பிடாதீங்க" என்று சொல்லிவிட்டார். அதற்காக அவருக்கு அந்த நிலத்தில் வேலை குறைந்தது, கேலியும் நிறையக் கேட்டார்.

2020 மார்ச்சில் ஊரடங்கு வந்தது. தூய்மைப் பணியாளர்களோடு தெருத் தெருவாகப் போய் பிளீச்சிங் பவுடர் போட்டது இவர்தான், ஊர்த்தெரு உட்பட. அதுவரை அந்தத் தெருக்களில் தலை குனிந்து நடந்தவர், முதல் தடவையாக ஒவ்வொரு வீட்டு வாசலிலும் நின்று பேசினார். எத்தனை மூட்டை இறங்கியது என்று பழக்கத்தில் நோட்டில் குறித்துக்கொண்டார். இரண்டு மாதம் கழித்து வந்த வவுச்சரில் ஏறக்குறைய இரண்டு மடங்கு மூட்டை இருந்தது. கையெழுத்து போட்டுவிட்டார். அன்று இரவு தூக்கம் வரவில்லை என்று எனக்குப் போன் செய்தார். வருகைப் பதிவேட்டுப் பயம்தான் அது. நான் சொன்னது, "பொறுமையா இருங்க அக்கா, முதல்ல நடைமுறையைக் கத்துக்கோங்க, இப்பவே பகைச்சுக்காதீங்க." அந்த ஆலோசனை தவறு என்று இன்று நினைக்கிறேன், காரணத்தைக் கடைசியில் சொல்கிறேன்.

காசோலைப் புத்தகம் அலுவலகத்துக்கு வந்த விதம்

2020 அக்டோபரில் கடலூர் மாவட்டம் தெற்குத்திட்டையில் பட்டியல் சாதிப் பெண் தலைவர் ஒருவர் கூட்டத்தில் தரையில் உட்கார வைக்கப்பட்ட படம் மாநிலம் முழுக்கப் பரவியது. அதற்கு இரண்டு மாதம் முன்புதான் திருவள்ளூர் மாவட்டம் ஆத்துப்பாக்கத்தில் ஒரு பெண் தலைவர் சுதந்திர தினத்தில் கொடியேற்ற முடியாமல் போய், பிறகு மாவட்ட நிர்வாகம் தலையிட்டு அவரைக் கொடியேற்ற வைத்தது. இந்தச் செய்திகளுக்குப் பிறகு ஒன்றிய அலுவலகத்தில் ஒரு பதற்றம். துணை வட்டார வளர்ச்சி அலுவலர் ஒருவர் இந்த ஊராட்சிக்கு வந்தார், தலைவர் நாற்காலியில் உட்கார்ந்திருப்பதைப் படம் எடுத்துக்கொண்டு போகத்தான் வந்தார்.

நம்மவர் நாற்காலியில் உட்கார்ந்தார், படம் எடுக்கவிட்டார். அப்புறம் செயலரும் துணைத் தலைவரும் நிற்கும்போதே அந்த அலுவலரிடம் ஒரு கேள்வி கேட்டார்: "சார், செக் புக்கும் மினிட் புக்கும் எங்க இருக்கணும் சார்?" அவர் என்ன சொல்ல முடியும்? "ஆபீஸ்லதாம்மா இருக்கணும்" என்றார். மறுநாளே இரண்டும் அலுவலக பீரோவுக்கு வந்துவிட்டன.

இதை நான் யோசித்துச் சொல்லிக்கொடுக்கவில்லை, முழுக்க அவருடைய யோசனை. புகார் சொன்னால் பகை, கேள்வியாகக் கேட்டால் பதில் சொல்ல வேண்டிய பொறுப்பு எதிரில் இருப்பவருக்கு. அதிகாரி வாயால் வந்த பதிலைத் துணைத் தலைவரால் மறுக்க முடியவில்லை. சாவி இவர் இடுப்பில் ஏறியது.

மோட்டார் பில்

நவம்பர் 2020. மேல்நிலைத் தொட்டிக்குத் தண்ணீர் ஏற்றும் போர்வெல் மோட்டார் பழுது, காயில் கட்டியது, குழாய் மாற்றியது என்று ஒரு பில் வந்தது. போர்வெல்லில் இருந்து மோட்டாரை மேலே தூக்குவது சின்ன வேலை இல்லை. மூணு கால் நட்டு, சங்கிலி போட்டு, குழாயை ஒவ்வொன்றாகக் கழற்ற வேண்டும், அரை நாள் ஆகும், போகிற வருகிற எல்லோரும் நின்று பார்ப்பார்கள். டேங்க் ஆப்பரேட்டர் இவருடைய தெருக்காரர். "மோட்டாரை யாரும் தொடவே இல்லையேக்கா" என்றார்.

இவர் கையெழுத்து போட மறுத்தார். நிலக்காரரே வீட்டு வாசலுக்கு வந்து பேசினார். என்ன பேசினார் என்பதை இவர் முழுதாகச் சொன்னதில்லை. "வேலை நடந்ததுன்னு எழுதிக் குடுங்கய்யா, நான் போட்டுடுறேன்" என்று பதில் சொன்னதாக மட்டும் சொன்னார்.

அதற்கு அடுத்த வாரத்தில் இருந்து துணைத் தலைவர் எந்தக் காசோலையிலும் கையெழுத்து போடவில்லை. உடம்பு சரியில்லை, வெளியூர் போயிருக்கிறேன், வவுச்சர் சரியில்லை, தீர்மானம் சரியில்லை, ஒவ்வொரு தடவையும் ஒவ்வொரு காரணம். டேங்க் ஆப்பரேட்டருக்குச் சம்பளம் நின்றது. தூய்மைப் பணியாளர்களுக்கு நின்றது. தெருவிளக்குக்குப் பல்பு வாங்கிய கடைக்காரர் கடன் தர மறுத்தார். பாதிக்கப்பட்ட எல்லோரும் இவருடைய தெருக்காரர்கள், அதுதான் இதில் கொடுமை. அவர்கள் துணைத் தலைவர் வீட்டுக்குப் போகமாட்டார்கள், இவர் வீட்டுக்குத்தான் வருவார்கள்.

தவறு நடந்த இடம்

2021 பிப்ரவரியில் அந்த மோட்டார் உண்மையாகவே எரிந்துபோனது. பழுது பார்க்கப் பணம் எடுக்க இரண்டு கையெழுத்து வேண்டும், ஒன்றுதான் இருக்கிறது. மூன்றாம் நாள் காலையில் பெண்கள் காலிக் குடத்தோடு சாலையில் உட்கார்ந்தார்கள். ஏற்பாடு யாருடையது என்று எல்லோருக்கும் தெரியும், ஆனால் தண்ணீர் இல்லாதது உண்மை, உட்கார்ந்தவர்களில் இவருடைய தெருப் பெண்களும் இருந்தார்கள். அன்றைக்கே கையெழுத்து போட்டிருந்தால் மோட்டார் நன்றாக இருந்திருக்கும் என்று ஊர் பேசியது. சாதியைச் சொல்லியும் திட்டினார்கள்.

அன்று மாலை சுயஉதவிக் குழுவில் 18,000 ரூபாய் கடன் வாங்கி, மறுநாள் மோட்டாரைத் தூக்கிச் சரி செய்துவிட்டார். தண்ணீர் வந்தது. ஊர் அடங்கியது. ஆனால் அந்தச் செலவுக்கு முன்கூட்டித் தீர்மானம் இல்லை, விலைப்புள்ளி வாங்கவில்லை, ஒன்றிய அலுவலகத்துக்கு எழுத்தில் ஒரு வரிகூடத் தெரிவிக்கவில்லை. விளைவு, ஊராட்சி நிதியிலிருந்து அந்தப் பணத்தை அவரால் திரும்ப எடுக்கவே முடியவில்லை. ஒன்றரை ஆண்டு வட்டியோடு அவரே கட்டினார். பின்னால் அதுவே அவர்மேல் ஒரு குற்றச்சாட்டாகவும் வந்தது.

வழக்கு வேண்டாம் என்ற முடிவு

இந்த இடத்தில் அவருக்கும் எனக்கும் கருத்து வேறுபாடு. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் 2015இல் செய்த திருத்தம், பட்டியல் சாதியைச் சேர்ந்த ஊராட்சித் தலைவரையோ உறுப்பினரையோ அவர்களுடைய வேலையைச் செய்யவிடாமல் மிரட்டுவதையும் தடுப்பதையும் தனிக் குற்றமாகவே சொல்கிறது. சாலையில் திட்டியதற்கு சாட்சி இருந்தது. புகார் கொடுக்கலாம் என்று நான் வற்புறுத்தினேன்.

அவர் மறுத்தார். தெருவில் உள்ள வீடுகளில் முக்கால்வாசி வீட்டுக்கு அந்த நிலங்களில்தான் கூலி. அறுவடை நேரம். "நான் கேஸ் போட்டா தாசில்தாரும் டி.எஸ்.பி.யும் எனக்குப் பாதுகாப்பு குடுப்பாங்க, இவங்களுக்கு யாரு கூலி குடுப்பா?" என்று கேட்டார். எனக்குப் பதில் தெரியவில்லை. அந்த முடிவு சரியா என்று இன்றும் என்னால் உறுதியாகச் சொல்ல முடியாது. ஆனால் அது பயத்தில் எடுத்த முடிவு இல்லை, யார் யாருக்கு என்ன ஆகும் என்று கணக்குப் போட்டு எடுத்த முடிவு. அரசியல்வாதி செய்கிற வேலை அதுதானே.

அதற்குப் பதில் அவர் காசோலையை மட்டும் பிடித்துக்கொண்டார். சாதியைப் பற்றியோ நிலக்காரரைப் பற்றியோ ஒரு வார்த்தை இல்லாமல், காசோலை எண், எந்தத் தேதியில் துணைத் தலைவருக்கு அனுப்பினேன், யார் கொண்டுபோனார், என்ன சொல்லித் திருப்பி அனுப்பினார் என்று நோட்டில் வரிசையாக எழுதத் தொடங்கினார். ஏப்ரல் 6 அன்று சட்டமன்றத் தேர்தல், பிப்ரவரி கடைசியிலேயே நடத்தை விதி வந்துவிட்டது, அதிகாரிகள் யாரையும் பார்க்க முடியவில்லை. பிறகு கொரோனா இரண்டாம் அலை. நோட்டில் 23 காசோலைகள் சேர்ந்தன.

ஆட்சியர் அலுவலகம்

2021 ஆகஸ்டில் மாவட்ட ஆட்சியரிடம் மனு கொடுத்தார். சட்டப்படி ஆட்சியர்தான் ஊராட்சிகளின் ஆய்வாளர். மனு ஒரு பக்கம், நோட்டின் நகல் ஆறு பக்கம். முன்பு இரண்டு தடவை ஒன்றிய அலுவலகத்தில் வாயால் சொன்னபோது "நீங்க ரெண்டு பேரும் பேசி முடிச்சுக்கோங்கம்மா" என்று அனுப்பியிருந்தார்கள். இப்போது தேதியும் எண்ணும் இருந்ததால் அப்படி அனுப்ப முடியவில்லை. ஊராட்சிகள் உதவி இயக்குநர் விசாரணைக்கு வந்தார். துணைத் தலைவரிடம் ஒவ்வொரு காசோலையாகக் கேட்டார், உடம்பு சரியில்லை என்று சொன்ன தேதியில் அவர் ஒன்றியக் கூட்டத்துக்கு வந்து வருகைப் பதிவேட்டில் கையெழுத்து போட்டிருந்தது தெரியவந்தது.

செப்டம்பரில் ஆணை வந்தது. துணைத் தலைவருக்குப் பதில் வேறொரு வார்டு உறுப்பினர் தலைவரோடு சேர்ந்து கையெழுத்திடலாம் என்று. அதே வாரத்தில் நின்றுபோன சம்பளம் முழுக்கக் கொடுக்கப்பட்டது. பத்து மாதச் சம்பளம் மொத்தமாகக் கையில் வந்தபோது டேங்க் ஆப்பரேட்டர் அலுவலக வாசலிலேயே உட்கார்ந்து அழுதுவிட்டார்.

2021 அக்டோபர் 2 கிராம சபை. கொரோனாவால் ஒன்றரை ஆண்டுக்கு மேல் கிராம சபையே நடக்காமல் இருந்து, அன்றுதான் நடந்தது. வரவு செலவை இவர் எழுந்து நின்று தானே படித்தார், ஒரு மணி நேரம் ஆனது, எழுத்துக் கூட்டித்தான் படித்தார். பிளீச்சிங் பவுடர் வரிக்கு வந்தபோது நிறுத்தி, "இதுல நான் தப்பா கையெழுத்து போட்டுட்டேன், இனிமே போட மாட்டேன்" என்று சொன்னார். அதை நான் எதிர்பார்க்கவில்லை. சட்டரீதியாக அது அவருக்கு ஆபத்து. ஆனால் ஊர்த்தெருவில் அவரைப் பற்றிப் பேசும் விதம் அன்றிலிருந்துதான் மாறியது. "தலைவரம்மா" என்று அங்கேயும் கூப்பிட ஆரம்பித்தார்கள்.

பதவி நீக்க முயற்சி

2022இல் ஒன்பது உறுப்பினர்களில் ஏழு பேர் கையெழுத்திட்டு, தலைவரை நீக்க வேண்டும் என்று ஆட்சியருக்கு மனு கொடுத்தார்கள். ஊராட்சிகள் சட்டத்தின் 205வது பிரிவு. ஆட்சியர் விளக்கம் கேட்பார், பிறகு வட்டாட்சியர் கூட்டம் கூட்டி உறுப்பினர்களின் கருத்தைப் பதிவு செய்வார், அதையும் பார்த்து ஆட்சியர் முடிவெடுப்பார். முக்கியமான குற்றச்சாட்டு மோட்டாருக்குத் தீர்மானம் இல்லாமல் செலவு செய்தது. மற்றவை சின்னச் சின்ன விஷயங்கள்.

விளக்கக் கடிதம் எழுத நான் உதவினேன். ஆனால் அவரைக் காப்பாற்றியது கடிதம் இல்லை. ஆணை வந்த நாளிலிருந்து ஒவ்வொரு மாதக் கூட்டத்துக்கும் முன்னால் ஐந்து பெண் உறுப்பினர்களையும் ஒரு மணி நேரம் முன்பே வரச் சொல்லி, டீ வாங்கிக் கொடுத்து, அஜெண்டாவில் என்ன இருக்கிறது என்று வாசித்துக் காட்டிக்கொண்டிருந்தார். அதுவரை அவர்கள் வீட்டு ஆண்கள்தான் கூட்டத்துக்கு வந்துகொண்டிருந்தார்கள், தீர்மானப் புத்தகம் பிறகு வீட்டுக்குப் போய்க் கையெழுத்து வாங்கி வரும். வட்டாட்சியர் கூட்டத்தில் அந்த ஏழு பேரில் மூன்று பெண்கள் எழுந்து, கையெழுத்து கேட்டார்கள் போட்டோம், என்ன எழுதியிருக்கிறது என்று எங்களிடம் சொல்லவில்லை, தலைவர் நீடிக்கட்டும் என்று சொன்னார்கள். மூவரில் இரண்டு பேர் ஊர்த்தெருக்காரர்கள். வீட்டில் என்ன நடந்திருக்கும் என்று நினைத்தால் அவர்களுடைய துணிச்சல்தான் இதில் பெரியது என்று தோன்றுகிறது.

ஆட்சியர் அந்த மனுமீது மேல் நடவடிக்கை தேவையில்லை என்று முடித்துவிட்டார்.

மிச்சமிருந்த காலம்

அடுத்த இரண்டரை ஆண்டில் நடந்ததை விரிவாகச் சொல்லத் தேவையில்லை, சாதாரணமாக ஓர் ஊராட்சியில் நடக்க வேண்டியது நடந்தது. ஜல் ஜீவன் திட்டத்தில் தெருவுக்கு வீட்டுக் குழாய் வந்தது. அங்கன்வாடிக்குக் கூரை மாற்றினார்கள். வரவு செலவு அலுவலகச் சுவரில் எழுதப்பட்டது. 2022க்குப் பிறகு மார்ச் 22, நவம்பர் 1 தேதிகளும் சேர்ந்து ஆண்டுக்கு ஆறு கிராம சபை, ஆறிலும் அவரே படித்தார், படிக்கும் வேகம் கூடிக்கொண்டே போனது.

நடக்காதது சுடுகாட்டுப் பாதை. இவருடைய தெருவிலிருந்து சுடுகாட்டுக்கு வயல் வரப்பில்தான் பிணத்தைத் தூக்கிக்கொண்டு போக வேண்டும், மழைக்காலத்தில் முழங்கால் சேறு. நடுவில் ஒரு துண்டு நிலம் தனியார் பட்டா. நிலம் நிலக்காரருடைய உறவினருடையது. நான்கு தீர்மானம் போட்டார், வருவாய்த் துறைக்கு எழுதினார், கோட்டாட்சியரை இரண்டு தடவை பார்த்தார். நகரவில்லை. தேர்தலில் நின்றபோது அவர் மனதில் இருந்த ஆசை இந்தப் பாதைதான் என்று பிறகு சொன்னார்.

அவர் வீட்டுக் கணக்கையும் சொல்ல வேண்டும். தலைவருக்கு மதிப்பூதியம் மாதம் 1,000 ரூபாய், பிறகு 2,000 ஆனது. நூறு நாள் வேலைக்கும் வயல் வேலைக்கும் முன்புபோல் போக முடியவில்லை. ஒன்றிய அலுவலகம், மாவட்டத் தலைநகரம் என்று பஸ் செலவு. கணவர் திருப்பூருக்கு வேலைக்குப் போனார். ஐந்து ஆண்டின் முடிவில் அந்தக் குடும்பம் தொடங்கியபோது இருந்ததைவிடக் கடனில்தான் இருந்தது. நேர்மையாக இருந்த ஓர் ஏழைப் பெண்ணுக்கு இந்தப் பதவி கொடுத்தது அதுதான், இதைப் பற்றிப் பேசவே யாரும் தயாராக இல்லை என்பது எனக்குக் கோபமாகவே இருக்கிறது.

மறுபடி என்றால் என்ன மாற்றுவோம்

முதலாவது என் தவறு. பொறுமையாக இருங்கள் என்று சொன்னேன். அந்தப் பத்து மாதத்தில் அவர் போட்ட ஒவ்வொரு கையெழுத்தும் பின்னால் அவருக்கு எதிராகத் திரும்பக்கூடியதாக இருந்தது, பொறுமையால் கிடைத்தது ஒன்றுமில்லை. இப்போது புதிதாகத் தேர்வாகும் பெண்களிடம் முதல் வாரமே சொல்கிறேன்: தொகை எழுதாத காசோலையில் கையெழுத்து போடாதீர்கள், புத்தகங்கள் எங்கே இருக்கின்றன என்று அதிகாரி முன்னால் கேளுங்கள்.

இரண்டாவது அந்த 18,000 ரூபாய். தண்ணீர் இல்லாத ஊரில் தீர்மானம் போடும்வரை காத்திருக்க யாராலும் முடியாது, அவர் செய்தது மனித இயல்பு. ஆனால் அன்று மாலையே அவசரக் கூட்ட அறிவிப்பு ஒன்றை அனுப்பி, வராதவர்கள் வரவில்லை என்று எழுதி, வட்டார வளர்ச்சி அலுவலருக்கு ஒரு கடிதம் கொடுத்து ஒப்புகை வாங்கியிருந்தால் பிறகு பணமும் திரும்பியிருக்கும், குற்றச்சாட்டும் வந்திருக்காது. அரை மணி நேர வேலை. அதைச் சொல்ல நான் பக்கத்தில் இல்லை, போனில் இருந்தேன், தோன்றவில்லை.

பெண் உறுப்பினர்களோடு உட்கார்ந்து அஜெண்டா வாசிப்பதை முதல் மாதத்திலேயே தொடங்கியிருக்க வேண்டும் என்று அவர் சொல்கிறார். நானும் அப்படித்தான் நினைக்கிறேன். பயிற்சிகளில் தலைவர்களை மட்டும் கூப்பிடுகிறோம், வார்டு உறுப்பினர்களை விட்டுவிடுகிறோம்.

வழக்கு விஷயத்தில் மட்டும் எங்கள் கருத்து இன்றும் ஒன்றாகவில்லை.

பதவிக்குப் பிறகு

2025 ஜனவரி 5 அன்று பதவிக்காலம் முடிந்தது. தேர்தல் உடனே நடக்கவில்லை, மறுபடி தனி அலுவலர். சாவி, காசோலைப் புத்தகம், தீர்மானப் புத்தகம், மின்மோட்டார் இரண்டு, நாற்காலி பதினான்கு என்று பட்டியல் எழுதி, ஒப்படைத்ததற்குக் கையெழுத்து வாங்கிக்கொண்டுதான் அலுவலகத்தை விட்டு வந்தார்.

அடுத்து ஒன்றியக் குழு உறுப்பினருக்கு நிற்க ஆசைப்படுகிறார். ஊராட்சித் தலைவர் தேர்தலில் கட்சிச் சின்னம் கிடையாது, ஒன்றியக் குழுவுக்குக் கட்சிச் சின்னத்தில்தான் போட்டி. இரண்டு கட்சிகளின் ஒன்றியப் பொறுப்பாளர்களைப் போய்ப் பார்த்தார். இரண்டு பேருமே முதலில் கேட்டது எவ்வளவு செலவு செய்ய முடியும் என்பதைத்தான். கீழே பாதி இடம் பெண்களுக்கு என்று இருக்கும் மாநிலத்தில், 2021 சட்டமன்றத்துக்கு 234 பேரில் 12 பெண்கள்தான் தேர்வானார்கள். நாடாளுமன்றத்திலும் சட்டமன்றங்களிலும் பெண்களுக்காக 2023இல் நிறைவேறிய மூன்றில் ஒரு பங்கு ஒதுக்கீட்டுச் சட்டத்தை, மக்கள்தொகைக் கணக்கெடுப்பும் தொகுதி மறுவரையறையும் முடிந்த பிறகே நடைமுறைக்கு வரும்படி எழுதினார்கள். இவரைப் போல ஐந்து ஆண்டில் ஓர் ஊராட்சியைப் படித்து முடித்த பெண்கள் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள், அவர்கள் அடுத்து ஏறுவதற்குப் படி இல்லை.

2025 ஜனவரி 26 கிராம சபைக்கு நானும் போயிருந்தேன். தனி அலுவலர் நடத்தினார். நம்மவர் மற்ற பெண்களோடு ஜமுக்காளத்தில் உட்கார்ந்திருந்தார், கையில் நோட்டு. வரவு செலவு படித்து முடித்ததும் எழுந்து, சுடுகாட்டுப் பாதைக்காகப் போட்ட நான்கு தீர்மானங்களின் தேதியையும் எண்ணையும் வாசித்து, ஐந்தாவதாக இன்று ஒன்று போட வேண்டும் என்று கேட்டார். முன்பு கையெழுத்தை மாற்றிச் சொன்ன அந்த மூன்று பெண்களும் எழுந்து நின்று ஆமோதித்தார்கள். தனி அலுவலர் எழுதிக்கொண்டார். எழுதியதைப் படித்துக் காட்டச் சொல்லிக் கேட்டுவிட்டுத்தான் அவர் உட்கார்ந்தார்.